சிறை வகுப்பும் அரசியலும்: சென்னை மாகாணச் சிறைகளை முன்வைத்து ஓர் ஆய்வு

புறநானூற்றின் 74ஆம் பாட்டின் கீழுள்ள குறிப்புத் தமிழ் பயின்றோர் அறிந்ததே. சோழன் செங்கணானோடு பொருது பிடிபட்ட சேரமான் கணைக்காலிரும்பொறை குடவாயிற்கோட்டத்துச் சிறையிற் கிடந்து தண்ணீர் வேண்டினான்; உடனே கிடைக்கவில்லை; காலந்தாழ்த்து வந்த நீரைப் பெற்றும் பருகாது உயிர் துறந்தான் என்பது அக்குறிப்பின் செய்தி. களவழி நாற்பதைச் சார்ந்து வழங்கும் வரலாறோ, பொய்கையார் பாடி அவனை மீட்டார் என வேறாகக் கூறும். இவற்றுள் எது உண்மை என்பது இங்கு நம் ஆராய்ச்சி அன்று. கோட்டத்துள் அடைபட்டதனை அவன் பொறுத்தான். நீர் தரப்பட்ட முறையைப் பொறுத்திலன் என்பதே நாம் கருதற்குரியது. சிறை என்பது ஒன்று. சிறையில் நடத்தப்படும் முறை என்பது பிறிதொன்று. இவ்வேறுபாட்டை அக்குறிப்பை எழுதியவர் நன்குணர்ந்திருந்தார் என்றே தோன்றுகிறது.

இக்காலச் சட்டத்திலும் இவ்விரண்டும் வேறுவேறு கைகளில் உள்ளன. நீதிமன்றம் இத்தனை ஆண்டு, இன்ன வகைக் காவல் என்று மட்டுமே விதிக்கிறது. கைதி எவ்வூர்ச் சிறையில் இருப்பது, என்ன உடுப்பது, என்ன உண்பது, எவ்வேலை செய்வது, யாரோடு பேசுவது, எந்நூலைப் படிப்பது என்பனவெல்லாம் 1894ஆம் ஆண்டுச் சிறைச் சட்டத்தின்கீழ் அரசினர் வகுத்த விதிகளால் அமைந்தன. ஆண்டுக் கணக்கு நீதிமன்றத்தினுடையது. அவ்வாண்டுகளின் உள்ளீடு ஆட்சியாளருடையது. உள்ளீட்டை வகுக்குங்கால் ஆட்சியாளர் குற்றவியல் நூலறிவைக் காட்டிலும் அன்றன்றைய அரசியல் தேவையையே பெரிதும் நோக்கினர் என்பதும், அந்நோக்கினால் விளைந்த சிறை வகுப்புப் பாகுபாடு அரசியற் குற்றத்தை ஏற்க மறுத்துக் குடிப்பிறப்பையும் செல்வத்தையும் ஏற்றது என்பதும் இக்கட்டுரையில் நிறுவப்படும்.

முதற்கண் ஒரு பழைய நிகழ்ச்சியை நினைவுகூர்தல் தகும். மெக்காலே உறுப்பினராயிருந்த சிறை ஒழுங்குக் குழு 1838இல் அறிக்கை தந்தது. கைதிகளைச் சாலை வேலைக்கு அனுப்புவதை விடுத்து, மதிலுக்குள்ளேயே சலிப்பூட்டும் கடுவேலை தருதல் வேண்டும் என்பது அதன் கருத்து. அதன் பின்னர்த் தனித்தனியே சமைத்துண்ட கைதிகளை ஒரே உலையில் சமைத்ததை உண்ணச் செய்யும் முறை பல சிறைகளிற் புகுத்தப்பட்டது. கைதிகள் சாதி கெடும் என அஞ்சி எதிர்த்தனர். 1855இல் பீகாரில் ஆரா, முசாபர்பூர் ஆகிய ஊர்ச் சிறைகளில் பித்தளைச் செம்பை வாங்கிக்கொண்டு மட்கலம் கொடுத்தபோது கலகமே மூண்டது. ஊர்மக்களும் கைதிகள் பக்கம் திரண்டனர். அரசினர் பின்வாங்கினர். இரண்டாண்டு கழித்து 1857 வந்தது. அதன்பின் சிறைக்குள் சாதியைத் தொடுவதற்கு ஆங்கிலேயர் அஞ்சினர். சமையல் இன்ன சாதியார்க்கு, துப்புரவு இன்ன சாதியார்க்கு என்னும் பகுப்புச் சிறை விதி நூல்களில் எழுத்து வடிவம் பெற்றது. ஒறுத்தலின் நெறி பற்றிய எந்த ஆராய்ச்சியும் இதற்குக் காரணமன்று. கிளர்ச்சி பற்றிய அச்சமே காரணம்.

இனித் தமிழகத்திற்கு வருவோம். 1908ஆம் ஆண்டு சூலைத் திங்கள் நம் பொருளுக்கு மிக இன்றியமையாதது. அத்திங்கள் 7ஆம் நாள் திருநெல்வேலியில் நீதிபதி பின்ஹே, வ. உ. சிதம்பரம் பிள்ளைக்கு அரசெதிர்ப்புக் குற்றத்திற்காக ஒன்றும், சுப்பிரமணிய சிவாவுக்கு உடந்தையாயிருந்தமைக்காக ஒன்றுமாக இரண்டு வாழ்நாள் நாடுகடத்தல் தண்டனை விதித்தார். சிவாவுக்குப் பத்தாண்டு. அதே திங்கள் 22ஆம் நாள் பம்பாய் உயர்நீதிமன்றம் பாலகங்காதர திலகருக்கு ஆறாண்டு நாடுகடத்தல் விதித்தது. இருவர் மீதும் சாட்டப்பட்டது தண்டனைச் சட்டத் தொகுதியின் 124-அ பிரிவே. இருவரும் சட்டம் பயின்றவர்; இருவரும் நூலாசிரியர். பதினைந்து நாள் இடைவெளியில், ஒரே அரசின்கீழ், ஒரே பிரிவின்படி தண்டனை பெற்றனர்.

பின் நடந்தது என்ன? திலகரின் தண்டனையை அரசினர் வெறுங்காவலாக மாற்றிப் பர்மாவிலுள்ள மாந்தலைச் சிறைக்கு அனுப்பினர். அங்கு அவருக்குத் தனியறையும், நூல்களும், சமைத்துத் தர ஒரு கைதியும் வாய்த்தன. கீதா ரகசியம் அச்சிறையில் எழுதப்பட்டது. சிதம்பரம் பிள்ளையின் தண்டனைக் காலத்தை உயர்நீதிமன்றம் குறைத்தது. ஆனால் அவர் அந்தமானுக்கு அனுப்பப்படவுமில்லை, வெறுங்காவலுக்கு மாற்றப்படவுமில்லை. கோயம்புத்தூர்ச் சிறையிலும், 1910 இறுதி முதல் 1912 திசம்பரில் விடுதலையாகும் வரை கண்ணனூர்ச் சிறையிலும் வைக்கப்பட்டார். கோவையிற் சணல் நார் கிழிக்கும் பொறியிற் கைத்தோல் உரிய வேலை செய்தார்; பின்னர்ச் செக்கில் மாட்டிற்கு ஈடாகப் பிணிக்கப்பட்டார்.

செக்கிழுத்தது எல்லாரும் அறிந்த செய்தி, மேடைதோறும் கேட்டது. ஆயினும் எந்தச் சட்டத்தின்படி இழுத்தார் என்று வினவுவோர் அரியர். தண்டனைச் சட்டத் தொகுதியின் 58ஆம் பிரிவு, நாடுகடத்தல் விதிக்கப்பட்டவன் கடத்தப்படும் வரையிற் கடுங்காவல் பெற்றவனைப் போலவே நடத்தப்படுவான் என்று கூறிற்று. 1955இல்தான் அப்பிரிவு நீக்கப்பட்டது. ஆகவே, கடல் கடந்து அனுப்பாமல் உள்நாட்டிலேயே நிறுத்தி வைத்தால், வேறோர் ஆணையும் இன்றி, அவர் கடுங்காவற் கைதியாகிவிடுவார். கடுங்காவல் என்றால் வேலை உண்டு. எவ்வேலை என்பது சிறைத் தலைவரின் விருப்பம். திலகருக்கு அரசினர் ஆணையொன்றை எழுதினர். பிள்ளைக்கு அவ்வாணையை எழுதாது விட்டனர். எழுதிய ஆணையைப் போலவே எழுதாத ஆணையும் ஒரு கொள்கையாதல் கூடும் என்பதற்கு இதனினும் தெளிந்த சான்று வேண்டுவதின்று.

வேறுபாட்டிற்குக் காரணம் யாது? திலகர் சிறைப்பட்டபோது பம்பாய் ஆலைத் தொழிலாளர் ஆறு நாள் வேலை நிறுத்தம் செய்தனர். அதனால் அரசினர் அஞ்சினர் என்று சிலர் கூறுவர். அவ்வாறாயின், 1908 மார்ச்சில் பிள்ளை கைதானபோது திருநெல்வேலியும் தூத்துக்குடியும் எழுந்தனவே. துப்பாக்கிச் சூடும் நடந்ததே. எனவே கிளர்ச்சி மட்டும் காரணமாகாது. திலகர் இந்தியா முழுதும் அறிந்த தலைவர். முன்னரே ஒரு முறை சிறை சென்றபோது மாக்ஸ் முல்லர் போன்ற மேனாட்டறிஞர் அவருக்காகப் பரிந்து பேசியதுண்டு. வயதும் ஐம்பதைக் கடந்திருந்தது, உடலும் நலிந்திருந்தது. பிள்ளை முப்பத்தைந்து வயதினர். அவருக்காக இலண்டனிற் பேசுவோர் மிகச் சிலர். மேலும் அவர் செய்தது பேச்சு மட்டுமன்று. ஆங்கிலக் கப்பற் கும்பினியின் வருவாயிற் கைவைத்தார். தூத்துக்குடி ஆலைத் தொழிலாளரை அணிதிரட்டினார். வாணிகத்திற் பட்ட அடியை அரசு மறவாது என்பது என் கருத்து. இஃது ஊகமே, எனினும் பொருந்தாத ஊகமன்று.

அச்செக்கினிடையேயும் பிள்ளை தமிழை விட்டிலர். ஜேம்ஸ் ஆலனின் நூலொன்றைத் தமிழாக்கி ‘மனம்போல வாழ்வு’ எனப் பெயரிட்டார். கண்ணனூரில் ‘மெய்யறம்’ இயற்றினார். விடுதலைக்குப் பின் அகவற்பாவால் எழுதிய தன்வரலாறு, அவர் மறைந்து பத்தாண்டு கழித்து, 1946இல் அச்சேறியது. மாகாணச் சிறை வரலாற்றை ஆராய்வார்க்கு அந்நூல் ஒரு கருவூலம். அதனை இலக்கியமாக மட்டும் பயில்வது போதாது. சிறை ஆவணங்கள் கைதியை எண்ணாற் குறிக்கும். அகவலோ அவ்வெண்ணுக்குரியவன் வாயிலாகவே பேசும். சுப்பிரமணிய சிவா சிறையிற் பெற்றது வேறு: தொழுநோயோடு வெளிவந்தார். பின்னாளில் அந்நோயைக் காட்டியே இருப்பூர்தியில் ஏறுவதற்கும் தடை செய்யப்பட்டார். ஊரூராக நடந்தே சென்றார். நீதிமன்றம் விதித்த தண்டனையில் இவற்றுள் ஒன்றும் எழுதப்படவில்லை.

அக்காலத்து இங்கிலாந்தின் நிலை வேறு. 1877ஆம் ஆண்டுச் சிறைச் சட்டம், அரசெதிர்ப்புக் குற்றத்திற்காகச் சிறைப்பட்டோரை முதற்பிரிவினராக நடத்துதல் வேண்டும் என்று அங்கு விதித்தது. கள்வரோடும் கொலைஞரோடும் அவர்கள் சேர்க்கப்படவில்லை. அந்நெறியை அறிந்த அதே ஆங்கிலேயர் இந்தியாவில் அதனைக் கடைப்பிடிக்கவில்லை. ஆனால் இங்கு வேறொரு தனிப்பிரிவு இருந்தது: ஐரோப்பியக் கைதிக்கு உணவும் உடையும் படுக்கையும் தனி. இந்தியச் சிறையில் அந்நாளில் உயர்வு தந்தது தோலின் நிறம். இதனை நாம் மறவாதிருத்தல் வேண்டும். 1929இன் போராட்டத்தில் இதுவே ஒப்புநோக்கும் அளவுகோலாயிற்று.

இடையில் ஒரு சீர்திருத்த முயற்சி நிகழ்ந்தது. 1919-20இல் அமைந்த இந்தியச் சிறைக் குழுவின் தலைவர் சென்னை ஆட்சிக் குழுவிலிருந்த சர் அலெக்சாண்டர் கார்டியூ. தண்டனையின் நோக்கம் அச்சுறுத்துவது மட்டுமன்று, திருத்துவதுமாகும் என்பது அக்குழுவின் கொள்கை. அந்தமானைக் கைதிக் குடியிருப்பாக வைத்துக்கொள்வதைக் கைவிடுமாறும் அது கூறிற்று. அரசினரும் 1921இல் இசைந்தனர். அதே ஆண்டு ஆகஸ்டில் மலபாரில் மாப்பிள்ளைமார் கிளர்ச்சி எழுந்தது. மாகாணச் சிறைகள் நிரம்பி வழிந்தன. பெல்லாரிச் சிறைக்கு அனுப்பத் திரூரில் காற்றுப் புகாத சரக்கு வண்டியில் அடைத்த கைதிகளுள் ஏறத்தாழ 70 பேர் கோவையை அடுத்த போத்தனூர் சேர்வதற்குள் மூச்சு முட்டி மாண்டனர். உயிரோடிருந்தோருட் பலரை எங்கு வைப்பது? மூடப்படுவதாக அறிவித்த அந்தமானுக்கே மாப்பிள்ளைக் கைதிகள் கப்பலேற்றப்பட்டனர். 1932இல் வங்கப் புரட்சியாளர்க்காக அங்குள்ள தனியறைச் சிறை மீண்டும் திறந்தது. 1933இன் உண்ணாநோன்பில் மூவர் இறந்தனர். 1937இல் மீண்டும் ஒரு நோன்பு நிகழ்ந்த பின்னரே, 1938 தொடக்கத்தில் அரசியற் கைதிகள் அனைவரும் தாய்நிலம் சேர்ந்தனர். அறிஞர் குழு ஒன்று சொல்ல, நாட்டு நிலைமை வேறொன்று செய்வித்தது.

1929ஆம் ஆண்டே இவ்வரலாற்றின் நடுவிடம். மத்தியச் சட்டசபைக் குண்டு வழக்கிற் சிறைப்பட்ட பகத்சிங்கும் பட்டுகேசுவர தத்தும் சூன் திங்களில் உண்ணாநோன்பு தொடங்கினர். தங்களை அரசியற் கைதிகள் என ஏற்றல் வேண்டும். உணவு ஐரோப்பியக் கைதியின் உணவை ஒத்திருத்தல் வேண்டும். இழிவான கட்டாய வேலை கூடாது. நூலும் செய்தித்தாளும் தரல் வேண்டும் என்பன அவர்தம் வேண்டுகோள்கள். சூலை 13இல் நோன்பேற்ற ஜதீந்திரநாத தாசு 63ஆம் நாளாகிய செப்டம்பர் 13இல் உயிர்நீத்தார். அவருடல் இலாகூரிலிருந்து கல்கத்தா சேரும் வரை நிலையந்தோறும் மக்கள் வெள்ளம் திரண்டது. நோன்பினால் நீதிமன்றத்திற்கு வரவியலாதாரை அவர் இல்லாமலே விசாரிக்க அரசினர் மத்தியச் சட்டசபையில் மசோதா ஒன்றைக் கொணர்ந்தனர். உண்ணாது சாகத் துணிந்தவன் சாதாரணக் குற்றவாளி அல்லன் என முகமது அலி ஜின்னா அங்கு வாதித்தார். பொதுமக்கள் கருத்து ஒரு முகமாயிற்று. ஏதேனும் செய்தே தீர வேண்டிய நிலை.

1930 பெப்ரவரியில் இந்திய அரசினர் புதிய விதிகளை வெளியிட்டனர். கைதிகள் ‘ஏ’, ‘பி’, ‘சி’ என மூவகைப்படுவர். நன்னடத்தையுடையவராய், முன்குற்றம் இல்லாதவராய், சமூக நிலையாலும் கல்வியாலும் வாழ்க்கைப் பழக்கத்தாலும் உயர்ந்த வாழ்வுக்குப் பழகியவராய், வன்முறை முதலிய கொடிய குற்றங்கள் செய்யாதவராய் உள்ளோர் முதல் வகுப்பு. உயர்ந்த வாழ்வுக்குப் பழகியவர், ஆயினும் முதல் வகுப்பின் ஏனைய நிபந்தனைகட்கு உட்படாதவர், இரண்டாம் வகுப்பு. எஞ்சியோர் அனைவரும் மூன்றாம் வகுப்பு. நிறத்தின்படி அமைந்த வேற்றுமை வகுப்பீட்டில் ஏட்டளவில் நீங்கிற்று. அது போராட்டத்தின் வெற்றியே, ஐயமில்லை.

ஆயினும் அவ்விதிகளில் ‘அரசியற் கைதி’ என்னும் சொல் இல்லை. இது மறதியால் நேர்ந்ததன்று. அச்சொல்லை ஏற்றால், அரசை எதிர்ப்பது களவினும் கொலையினும் வேறுபட்ட ஒரு செயல் என்று அரசே ஒப்புக்கொண்டதாகும். அதைத் தவிர்த்து, எதிர்த்தவனுடைய குடியையும் கல்வியையும் செல்வத்தையும் மட்டும் மதிக்க முன்வந்தனர். உயிரைக் கொடுத்துக் கேட்டது ‘என் நோக்கத்தை நோக்குக’ என்பது. கிடைத்த விடை ‘நின் வீட்டை நோக்குகிறோம்’ என்பது. தாசு நோன்பிருந்தது ஒரு வகுப்பார்க்கு வெண்ணெய் கிடைப்பதற்காக அன்று. இலாகூர் வழக்கினர் பலருக்கே இவ்விதிகளின் முதல் வகுப்பு எட்டாக் கனி. வன்முறை அவர்களை விலக்கிற்று.

இவ்விதிகள் வெளிவந்து இரண்டு திங்களுக்குள் உப்புச் சத்தியாக்கிரகம் தொடங்கிற்று. 1930 ஏப்ரலில் திருச்சிராப்பள்ளியிலிருந்து இராசகோபாலாச்சாரியார் தலைமையில் வேதாரணியம் நோக்கி நடந்தோரும், அவர்க்குச் சோறும் இடமும் தந்து உதவினோரும் சிறை புகுந்தனர். ஒரே கடற்கரையில், ஒரே நாளில், ஒரே உப்பை அள்ளியவர்களுள் வழக்கறிஞர் ‘ஏ’ வகுப்புக்கும், பள்ளியாசிரியர் ‘பி’ வகுப்புக்கும், உழவர் ‘சி’ வகுப்புக்கும் உரியவராயினர். வகுப்பை விசாரித்த நீதிபதி பரிந்துரைப்பார். இறுதி முடிவு மாகாண அரசினர் கையில். அதனால் வகுப்பு என்பது பரிசிலாகவும் ஒறுப்பாகவும் பயன்பட்டது. ஓர் இயக்கத்தின் தலைவரையும் தொண்டரையும் உணவிலும் உடையிலும் பிரித்து வைக்கும் கருவியாகவும் ஆயிற்று. தமக்குக் கிடைத்த உயர்வகுப்பை வேண்டாவென மறுத்துத் தொண்டரோடிருந்தாரும் உளர். எனினும் அவர் சிறுபான்மையினரே என்று கூறாதிருத்தல் நேர்மையன்று. நம் மொழியிற் சிறை நூல்கள் எழுதியோர் பெரும்பாலும் தாளும் மையும் பெற்ற வகுப்பினரே. ‘சி’ வகுப்பின் சிறை பற்றிய எழுத்து மிகக் குறைவு. இலக்கிய வரலாறு எழுதுவோர் இக்குறையைக் கணக்கிற் கொள்ளுதல் வேண்டும்.

1937 சூலையிற் சென்னையிற் காங்கிரசு அமைச்சரவை ஏற்பட்டது. பலமுறை சிறை கண்ட இராசகோபாலாச்சாரியாரே முதலமைச்சர். 1921-22இல் வேலூர்ச் சிறையில் அவர் எழுதிய நாட்குறிப்பு, சிறையினுள் நுண்ணிய சிறுமைகளையெல்லாம் குறித்த நூல். அவ்வமைச்சரவை அரசியற் கைதிகளை விடுவித்தது. ஆனால் அதே ஆண்டிலேயே சோஷலிஸ்டு ஒருவர் மீது பழைய 124-அ பிரிவின்படி வழக்குத் தொடர்ந்தது. 1938இல் பள்ளிகளிற் கட்டாய இந்தி புகுத்தப்பட்டபோது மறியல் செய்தோர் மீது ஏவப்பட்டது, 1932ஆம் ஆண்டுக் குற்றவியற் சட்டத் திருத்தத்தின் 7ஆம் பிரிவு. காங்கிரசின் மறியலை ஒடுக்க ஆங்கிலேயர் இயற்றிய பிரிவு அது. காங்கிரசார் கண்டித்த பிரிவு. ஆயிரத்திற்கு மேற்பட்டோர் சிறை சென்றனர். கைக்குழந்தைகளோடு பெண்டிரும் சென்றனர். பெரியார் ஈ. வெ. ராமசாமிக்கு 1938 திசம்பரில் ஓராண்டுக் கடுங்காவல் விதிக்கப்பட்டது, பெல்லாரிக்கும் அனுப்பப்பட்டார். சிறைப்பட்ட நடராசன் 1939 சனவரியிலும் தாளமுத்து மார்ச்சிலும் உயிர்துறந்தனர். இருவரும் எளிய குடியிற் பிறந்தவர்.

இதனை ஒரு தனிமனிதரின் முரண்பாடு எனக் கூறி முடித்துவிடுதல் எளிது. இராசகோபாலாச்சாரியார் தம் செயலை ஒளிக்கவில்லை. கையிலுள்ள சட்டத்தைக் கொண்டே ஒழுங்கைக் காத்தல் வேண்டும் என்று வெளிப்படையாகவே வாதித்தார். என் எண்ணத்தில் அவருடைய வாய்மையைப் பழிப்பதிற் பயனில்லை. அச்சட்டமும் அச்சிறை விதியும் எவர் கையிற் கிடைப்பினும் அவ்வாறே பயன்படுமாறு ஆக்கப்பட்டிருந்தன என்பதே கருதற்குரியது. அவர் சிறையிலிருந்தபோது விதியை மாற்றும் அதிகாரம் அவரிடம் இல்லை. அதிகாரம் வந்தபோது மாற்றும் தேவை அவருக்கு இல்லை.

இவ்வழியின் கொடிய முடிவு 1950இல் நேர்ந்தது. குடியரசு பிறந்த 16ஆம் நாள், பெப்ரவரி 11ஆம் நாள், சேலம் மத்திய சிறையிற் பொதுவுடைமைக் கட்சிக் கைதிகள் மீது காவலர் சுட்டதில் 22 பேர் மாண்டனர். பெரும்பாலோர் மலபார் உழவர். தங்களைச் சாதாரணக் குற்றவாளிகளாக நடத்துதல் கூடாது என்பது அவர்தம் வழக்கு. 1929இல் இலாகூரில் எழுந்த கேள்வி அப்படியே சேலத்தில் எழுந்தது. 1930இன் விதி அதற்கு விடை கூறியிருந்ததேல் மீண்டும் எழுந்திராது. உழவர்க்கு உயர்ந்த சமூக நிலையும் இல்லை, கல்வியும் இல்லை. எனவே எவ்வகுப்பின் வாயிலும் அவர்க்குத் திறவாது. அவர்பால் இருந்தது நோக்கம் ஒன்றே; நோக்கத்திற்கு விதியில் இடமில்லை. அதே ஆண்டு மே 19இல் உச்சநீதிமன்றம், ஏ. கே. கோபாலன் சென்னை மாகாணத்தின் மீது தொடுத்த வழக்கில், விசாரணையின்றிக் காவலில் வைக்கும் சட்டத்தின் பெரும்பகுதி செல்லும் எனத் தீர்ப்பளித்தது.

வகுப்புப் பகுப்பு அதன்பின்னும் மறையவில்லை. 1980-83இல் நீதிபதி முல்லா தலைமையில் அமைந்த அனைத்திந்தியச் சிறைச் சீர்திருத்தக் குழு, சமூக நிலையைக் கொண்டு கைதிகளைப் பகுப்பதை ஒழிக்குமாறு கூறிற்று. அக்காலத்திலேயே வெளிவந்த 1983ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சிறை விதிகளில் வகுப்புகள் இடம்பெற்றன. கட்சித் தலைவர்கள் சிறை புகும்போதெல்லாம் அவர்க்கு எவ்வகுப்பு என்பதே செய்தியாயிற்று. ஆளும் கட்சி மாறும். வகுப்பு வேண்டுவோரும் வழங்குவோரும் இடம் மாறுவர். ஆகவே அதனை ஒழிப்பதில் எவருக்கும் விரைவு இருந்திலது.

1855இன் கலகத்திற்குப் பின் எழுதப்பட்ட மற்றைப் பகுப்போ இன்னும் நெடிது வாழ்ந்தது. பாளையங்கோட்டைச் சிறையிற் கைதிகளைச் சாதிவாரியாகத் தனித்தனிப் பகுதிகளில் வைக்கும் வழக்கம் இருந்தது. கலகம் நேராதிருக்கவே அவ்வாறு செய்கிறோம் என்பது அதிகாரிகள் கூறிய காரணம். அதனை ஒருமுறை சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையும் ஏற்றது. பல மாநிலங்களின் சிறை விதி நூல்களில் சமையலும் துப்புரவும் சாதிவழிப் பகுக்கப்பட்டிருந்தமை உச்சநீதிமன்றத்தின் முன் வந்தபோது, பாளையங்கோட்டையின் இவ்வழக்கமும் அங்கு எடுத்துக்காட்டப்பட்டது. 2024 அக்டோபர் 3ஆம் நாள் அந்நீதிமன்றம் அவ்விதிகள் அரசியலமைப்புக்கு மாறானவை எனத் தீர்ப்பளித்தது. ஒழுங்கைக் காத்தல் என்னும் காரணத்தை ஏற்க மறுத்தது. மூன்று திங்களுக்குள் விதி நூல்களைத் திருத்துமாறும், சிறைப் பதிவேடுகளிற் கைதியின் சாதியைக் குறிப்பதற்கென இருந்த பத்தியை நீக்குமாறும் ஆணையிட்டது.